திருப்பிச் சுற்றாத சுருள்

இயந்திரம் தோற்றுப்போக வேண்டும் என்று மங்கையர்க்கரசி வேண்டிக்கொண்டாள். கடைசியாக எந்தச் சாமியை எப்போது கும்பிட்டாள் என்று அவளுக்கே நினைவில்லை. ஆனாலும் அந்தக் குளிரூட்டிய அறையில், கண்ணாடிக்கு அந்தப் பக்கம் தன் படச்சுருள் மெல்ல நகர்வதைப் பார்த்தபடி, 'எதுவும் கேட்கக் கூடாது, எதுவும் கேட்கக் கூடாது' என்று மனசுக்குள் முணுமுணுத்துக்கொண்டிருந்தாள்.

நியாயமாகப் பார்த்தால் அவள் அந்த இயந்திரத்துக்கு மாலை போட்டுக் கொண்டாட வேண்டும். உலகமே கைகழுவிவிட்ட பதினாறு மில்லிமீட்டர் ஃபிலிமைக் கட்டிக்கொண்டு பாதி ஆயுளைக் கழித்தவள் அவள். மூடிப்போன ஸ்டுடியோக்கள், அரசு அலுவலகப் பரண்கள், காயலான் கடைகள் என்று அலைந்து துருப்பிடித்த டப்பாக்களைச் சேர்ப்பாள். உள்ளே இருப்பதைக் கழுவித் துடைத்து, பழைய புரொஜெக்டரில் ஓட்டி, சுவரில் காட்டி, இதுதான் என் ஓவியம் என்பாள். 'அரசிக்கு ஏதோ ஃபிலிம் வியாபாரம்' என்று சொந்தக்காரர்கள் பட்டும் படாமலும் சொல்லிக்கொள்வார்கள். ஆவணக் காப்பகங்களே எல்லாவற்றையும் கணினியில் ஏற்றிவிட்டு அசல் சுருள்களைத் தூக்கி எறிந்த காலம் அது. எறிந்ததைப் பொறுக்கியவள் இவள்.

அப்புறம்தான் 'செவி' வந்தது. அது என்னவென்று அவளுக்கு முதலில் விளக்கியவன் இம்தியாஸ். செவியை இயக்கும் ஒலிப்பொறியாளன், முப்பது வயதிருக்கும், அவளுடைய பட்டறைக்கு வந்து டப்பாக்களைத் தடவித் தடவிப் பார்த்தவன்.

"சத்தம் பட்டா எல்லாமே நடுங்கும்க்கா. இலை, திரைச்சீலை, காகிதம் எல்லாம். நம்ம கண்ணுக்குத் தெரியாது, அவ்வளவு சின்ன நடுக்கம். டிஜிட்டல் கேமரா அதைத் தேவையில்லைன்னு தூக்கிப் போட்டுரும், ஃபைல் சின்னதாகணும்ல? ஃபிலிம் எதையும் தூக்கிப் போடாது. அந்த நடுக்கம் வெள்ளித் துகள்ல அப்படியே உக்காந்திருக்கு. செவி அதைப் படிச்சுப் பேச்சா மாத்திரும்."

"ஊமைப் படத்துலகூடவா?"

"ஊமைப் படம்னு ஒண்ணு கிடையவே கிடையாதுக்கா. நமக்குத்தான் இத்தனை நாளா காது கேக்கலை."

செவி வந்த பிறகு நாடு அமளிதுமளிப்பட்டது. காரைக்குடிப் பக்கம் ஒரு பெரிய வீட்டில் தாத்தாவின் கல்யாணப் படத்தை ஆசையாகக் கேட்கப் போனார்கள். தாலி கட்டும் நேரத்தில் பெண்ணின் சித்தப்பா பக்கத்தில் இருந்தவர் காதில் என்ன சொன்னார் என்பது வெளியே வந்து, மூன்று தலைமுறைச் சொத்து நீதிமன்றத்துக்குப் போய்விட்டது. ஒரு கட்சி தன் பழைய மாநாட்டுச் சுருள்களை அவசர அவசரமாகக் கொளுத்தியது. செத்தவர்களுக்கும் அந்தரங்கம் உண்டா என்று வக்கீல்கள் இன்னும் வாதாடிக்கொண்டிருக்கிறார்கள். பேசியவர்கள் எல்லாரும் நிம்மதியாகப் போய்ச் சேர்ந்துவிட்டார்கள். கேட்டவர்களுக்குத்தான் தூக்கம் போயிற்று.

இந்த நிலைமையில் சென்னைக் கலைக்கூடத்துக்காரர்கள் அரசியிடம் வந்து பல்லெல்லாம் தெரியச் சிரித்தார்கள். உங்கள் 'கைக்கு வந்தவள்' படத்துக்குக் குரல் கொடுத்துவிடலாம், மேடம். அந்தத் தாய் என்ன சொன்னாள் என்று உலகமே கேட்கட்டும். அரசி மறுக்க முடியாமல் தலையாட்டினாள். மறுத்தால் ஏன் என்று கேட்பார்களே.

'கைக்கு வந்தவள்' அவளை ஆளாக்கிய படம். ஐம்பது நொடிதான். திருநெல்வேலிப் பக்கம் இழுத்து மூடப்பட்ட ஒரு குழந்தைகள் இல்லத்தின் சாமான்களோடு கிடைத்த சுருள், ஆயிரத்துத் தொள்ளாயிரத்து எண்பத்து நான்காம் வருஷத்தது. ஒரு ஜன்னல். உள்ளே வெள்ளைச் சேலை கட்டிய ஆயா. அவளுக்குப் பின்னால் சுவரில் நாட்காட்டி. ஜன்னலுக்கு வெளியே இருபது வயதுகூட நிரம்பாத ஒரு பெண் முகம் கோணி அழுதுகொண்டு நிற்கிறாள். ஆயா கையிலிருக்கும் குழந்தை ஜன்னல் வழியாக அவள் கைக்கு வருகிறது. வந்ததும் அந்த முகம் மெல்ல மெல்லத் தெளிகிறது. கடைசியில் ஒரு வெளிச்சம் வருகிறது பாருங்கள், அதைப் பார்த்துவிட்டு அழாதவர்கள் கிடையாது. குழந்தையின் இடது கை தாயின் கன்னத்தில் பதிந்திருக்கும். அந்தக் கையில் ஆறு விரல்.

இருட்டான ஒரு கூடத்தில் அது ஓய்வில்லாமல் ஓடியது. முடிந்தவுடன் மறுபடி முதலிலிருந்து. பிரசவ ஆஸ்பத்திரிகள் அந்த முகத்தைச் சுவரில் மாட்டின. தபால்தலைகூட வந்தது. நடுவில் ஓர் இடத்தில் அந்தப் பெண்ணின் முந்தானை தானாக எழும்பித் தோளில் ஏறி உட்காரும். 'காற்றுகூட அந்தத் தாயை வாழ்த்திப் போர்த்துகிறது' என்று ஒரு விமர்சகர் உருகி உருகி எழுதினார். எந்த ஊரில் காற்று முந்தானையைத் தூக்கித் தோளில் ஒழுங்காகப் போட்டுவிடும் என்று அவருக்கும் தோன்றவில்லை, அரசிக்கும் தோன்றவில்லை.

தோன்றியிருக்க வேண்டும். ஃபிலிமோடு புழங்கியவர்களுக்கு இது பாலபாடம். படத்தை ஓட்டி முடித்தால் சுருளின் வால் வெளியே இருக்கும், தலை உள்ளே போய்விடும். அடுத்த ஆட்டத்துக்குமுன் திருப்பிச் சுற்ற வேண்டும். சோம்பேறித்தனத்தாலோ, இனி இதை யார் பார்க்கப் போகிறார்கள் என்ற நினைப்பாலோ, திருப்பிச் சுற்றாமலே டப்பாவில் போட்டு மூடிவிடுவார்கள். அதை அப்படியே எடுத்து மாட்டினால் எல்லாம் பின்னாலிருந்து முன்னால் ஓடும். சாதாரணமாக இது உடனே தெரிந்துவிடும். ஆட்கள் பின்பக்கமாக நடப்பார்கள், தண்ணீர் மேலே ஏறும். இந்தப் படத்தில் யாரும் நடக்கவில்லை. எதுவும் கொட்டவில்லை. ஒரு குழந்தை மட்டும் கை மாறியது.

படம் புகழ்பெற்று நாலு வருஷம் கழித்து, சுருளைத் துடைத்துக்கொண்டிருந்த ஒரு மத்தியானம், ஓரத்தில் அச்சாகியிருந்த வரிசை எண்கள் அவள் கண்ணில் பட்டன. ஏற வேண்டிய எண்கள் இறங்கிக்கொண்டிருந்தன. அரசி துணியைக் கீழே வைத்தாள். முந்தானை நினைவுக்கு வந்தது. அது தோளில் ஏறவில்லை. பிள்ளையைக் கொடுத்தபோது தோளிலிருந்து சரிந்து விழுந்திருக்கிறது. அந்தப் பெண் அழுது தெளியவில்லை. தெளிந்த முகத்தோடு நின்று, பிள்ளையைக் கொடுத்துவிட்டு, அழுதிருக்கிறாள்.

அன்றே சொல்லியிருக்கலாம். ஆனால் அதற்குள் செல்வக்கனி வந்திருந்தார்.

முதல் கண்காட்சியின்போதே வந்தவர். வள்ளியூர்க்காரர், அரசுப் பேருந்தில் நடத்துநர். ஐம்பது நொடிப் படத்தைப் பொழுது சாயும்வரை பார்த்துவிட்டு, அரசியிடம் வந்து இடது கையை விரித்துக் காட்டினார். ஆறு விரல்.

"இந்தப் பிள்ளை நாந்தான். அந்த இல்லத்துலதான் வளந்தேன்."

அரசி அந்தக் கையைப் பிடித்துக்கொண்டாள். "அம்மா இவ்வளவு ஆசையா வாங்கிக்கிறாங்களே கனியக்கா, அப்புறம் எப்படி நீங்க இல்லத்துல…?"

செல்வக்கனி சிரித்தார். "அதெல்லாம் ஆருக்குத் தெரியும்? படத்துல வாங்கிட்டாள்லா. அது போதும் எனக்கு."

தாய் சீக்கிரமே செத்திருப்பாள் என்று அரசி தானாக ஒரு கதை கட்டிக்கொண்டாள். அதன்பிறகு வருஷா வருஷம் அதே நாளில் செல்வக்கனி ரயிலேறி வருவார். கைப்பையில் கருப்பட்டி மிட்டாய் இருக்கும். கூடத்தில் போட்டிருந்த பெஞ்சில் இரண்டு பேரும் சேர்ந்து உட்கார்ந்து படத்தைப் பார்ப்பார்கள். எண்கள் கண்ணில் பட்ட வருஷத்துக்குப் பிறகு அரசி பெஞ்சில் உட்காரவில்லை. வேலை இருப்பதுபோல் கதவருகிலேயே நின்றுகொள்வாள்.

அந்த அம்மாளின் நிம்மதியைக் கெடுக்கக் கூடாது என்று தனக்குத்தானே சொல்லிக்கொண்டாள். கேட்பதற்கு நன்றாகத்தான் இருந்தது. தன் பெயரைக் கெடுத்துக்கொள்ளக் கூடாது என்பதும் அதற்குள்ளேயே ஒண்டிக்கொண்டிருந்தது அவளுக்குத் தெரியாமல் இல்லை. ஒவ்வொரு வருஷமும் அந்தக் கருப்பட்டி மிட்டாயை வாயில் போடும்போது அவளுக்கு நாக்குக் கூசியது.

இப்போது கண்ணாடிக்கு அந்தப் பக்கம் சுருள் ஓடி முடிந்தது. ஒலிபெருக்கியில் யாரோ தண்ணீருக்குள்ளிருந்து பேசுவதுபோல் ஒரு குழறல் வந்தது. ஒரு சொல்லும் பிடிபடவில்லை.

"அந்த நாட்காட்டித் தாள் நல்லாத்தான் நடுங்கியிருக்கு. சத்தம் தெளிவா வருது, ஆனா தலைகால் புரியலை," என்று இம்தியாஸ் தாடையைச் சொறிந்தான்.

"விட்டுரு இம்தியாஸ். பழைய ஃபிலிம். வராது," என்றாள் அரசி. நெஞ்சிலிருந்த கல் இறங்கியதுபோல் இருந்தது. அந்த நிம்மதியே அவளுக்கு அருவருப்பாகவும் இருந்தது. தேநீர் குடித்துவிட்டு வருகிறேன் என்று வெளியே போனாள்.

திரும்பி வந்தபோது இம்தியாஸ் ஒலிபெருக்கியை அணைத்துவிட்டு, காதில் மாட்டிக் கேட்டுக்கொண்டிருந்தான். அவளைப் பார்த்ததும் கழற்றினான்.

"திருப்பி ஓட்டிப் பார்த்தேன்க்கா. இப்போ தமிழா இருக்கு." சுருளைக் காட்டினான். "நீங்க 'தலை'ன்னு ஒட்டியிருக்கிற பக்கம் தலை இல்லை. வால்."

அரசி நாற்காலியை இழுத்து உட்கார்ந்தாள்.

"உங்களுக்குத் தெரியுமா?"

"தெரியாது," என்றாள் அரசி. அவ்வளவு சட்டென்று வந்த பொய்யை அவனால் நம்ப முடியவில்லை என்பது அவன் கண்ணிலேயே தெரிந்தது. அவள் வேறு பக்கம் பார்த்தாள்.

"கேக்கிறீங்களா?"

"வேண்டாம். சத்தம் வரலைன்னு சொல்லிரு. அந்த அம்மா நாளைக்கு வர்றாங்க. அறுபத்திரண்டு வயசு. தாங்க மாட்டாங்க."

இம்தியாஸ் சுருளைக் கழற்றி டப்பாவில் வைத்தான். மூடியை அழுத்தி மூடினான்.

"அழிக்க மாட்டேன். வரலைன்னு வேணும்னா சொல்றேன், மேடம்."

ஒரு வருஷமாக அக்கா என்று கூப்பிட்டவன். அந்த 'மேடம்' அரசியின் கன்னத்தில் அறைந்தது. காறித் துப்பியிருந்தால்கூடப் பரவாயில்லை என்று இருந்தது அவளுக்கு.

மறுநாள் காலையில் செல்வக்கனி வந்தார். காலமெல்லாம் பேருந்து இன்ஜின் பக்கத்தில் நின்று நின்று இரண்டு காதும் மந்தமாகிவிட்டன. வலது காது கருவியை வைத்தால் மட்டும் கேட்கும். அதுவும் போய்விடுவதற்குள் தாயின் குரலை ஒரு தரம் கேட்டுவிட வேண்டும் என்று போன மாதம் போனில் சொல்லியிருந்தார். புதுச் சேலை உடுத்தி, கருவியைத் துடைத்து மாட்டிக்கொண்டு, அறையில் இருந்த நாற்காலியில் நிமிர்ந்து உட்கார்ந்தார்.

"கனியக்கா," என்று அரசி ஆரம்பித்தாள். "சொல்லவே கஷ்டமா இருக்கு. நேத்து ஓட்டிப் பார்த்தோம். ஒண்ணுமே புரியலை. வெறும் குழறல். ஃபிலிம் ரொம்பப் பழசு…"

செல்வக்கனி அவளைப் பார்த்தார். பயணச்சீட்டு வாங்காமல் ஜன்னலுக்கு வெளியே வேடிக்கை பார்க்கிறவனை ஒரு நடத்துநர் பார்ப்பாரே, அந்தப் பார்வை.

"திருப்பி ஓட்டிப் பாக்கலையா?"

இம்தியாஸ் தரையைப் பார்த்தான்.

"அக்கா…"

"அந்த ஜன்னலைத் தெனமும் தொடைச்சவ நானு," என்றார் செல்வக்கனி. "பதினெட்டு வயசு வரைக்கும். அது வழியா பிள்ளைய உள்ள மட்டுந்தான் வாங்குவாவ. வெளிய ஒரு பிள்ளையும் போகாது. வளந்து போனாலும் சரி, தத்துக் குடுத்தாலும் சரி, முன்வாசல் வழியாத்தான் அனுப்புவாவ. அந்த இல்லத்து வழக்கம் அது. படத்தை மொதோ தடவ பாத்த அன்னைக்கே தெரியும், இது திரும்பி ஓடுதுன்னு."

"பின்ன ஏன்… ஏன் ஒண்ணுமே சொல்லலை?"

"எங்கம்ம என்னைக் குடுத்தான்னு சின்ன வயசுலேயே சொல்லிட்டாவ. அது எனக்குப் புதுசா? குடுத்தவ திரும்ப வாங்குத மாதிரி ஆரு காட்டுவா? அதைப் பாக்கத்தான் ரயிலேறி வந்தேன்." அவர் குரல் இறங்கியது. "மொதல்ல உங்களுக்குத் தெரியாதுன்னுதான் நெனச்சேன். எங்கூட உக்காந்து நீங்களும் அழுதிய. அப்புறம் ஒரு வருசம் கதவுகிட்டயே நின்னுட்டிய. என் மொகத்தைப் பாக்கலை. அன்னைக்குத் தெரிஞ்சுபோச்சு, உங்களுக்கும் தெரிஞ்சுபோச்சுன்னு. எப்பம் சொல்லுவியன்னு பாத்தேன். இந்த வருசம் சொல்லுவா, அடுத்த வருசம் சொல்லுவான்னு பாத்துக்கிட்டே இருந்தேன்."

அரசிக்குப் பூமி பிளந்து உள்ளே போய்விட வேண்டும்போல் இருந்தது. எட்டு வருஷமாகத் தான் இவரைக் காப்பாற்றிக்கொண்டிருப்பதாக நினைத்திருந்தாள். இவரோ பெஞ்சில் உட்கார்ந்து, முதுகுப்பக்கம் நின்ற அவளுடைய பொய்யையும் சேர்த்துத்தான் பார்த்துக்கொண்டிருந்திருக்கிறார். மன்னிப்புக் கேட்கலாம். எந்த வருஷத்துக்கென்று கேட்பது?

"தம்பி, நீங்க போடுங்க," என்றார் செல்வக்கனி.

இம்தியாஸ் அரசியைப் பார்க்காமலே பொத்தானை அழுத்தினான். திரையில் படம் சரியான வரிசையில் ஓடத் தொடங்கியது. உலகமே கொண்டாடிய அந்த வெளிச்ச முகம் முதலில் வந்தது. குழந்தையின் ஆறு விரல் கன்னத்தில். காற்றைக் கிழித்துக்கொண்டு, மெல்லிய இளம் குரல் ஒன்று கேட்டது.

"தந்துட்டியளா? எங்கிட்டயே தந்துட்டியளா?"

அந்த முகத்தின் வெளிச்சம் எதனால் என்று அரசிக்கு அந்தக் கணத்தில் விளங்கியது. பிள்ளை திரும்பக் கிடைத்துவிட்டது என்று அந்தப் பெண் நம்பியிருக்கிறாள். அடுத்து ஓர் ஆண் குரல், கேமராவுக்குப் பக்கத்திலிருந்து, நிதானமாக, தொழில்காரன் தோரணையில்.

"ம், இப்போ ஓடுது. மொத தடவை குடுத்தது ஃபிலிம்ல விழலை. இப்பக் குடும்மா. அழுகை வந்தா அடக்காத."

"இன்னொருக்காவா?"

"குடு பிள்ளை, வெளிச்சம் போயிரும்," என்றது ஆயாவின் குரல்.

திரையில் குழந்தை ஜன்னலுக்குள் போனது. முந்தானை சரிந்தது. முகம் கோணியது. அதற்குப் பிறகு வந்த சத்தத்தைச் செவியால் சொல்லாக மாற்ற முடியவில்லை.

வெளிச்சம் போய்விடும். அரசி அதை எத்தனை பேரிடம் சொல்லியிருப்பாள்! கேமராவுக்குமுன் நின்ற எத்தனை பேரை அவசரப்படுத்தியிருப்பாள்! அந்த ஆணின் குரலில் கொடுமை எதுவும் இல்லை. படம் நன்றாக வர வேண்டும் என்ற அக்கறைதான் இருந்தது. அது தன் குரல்போலவே இருந்ததுதான் அவளால் தாங்க முடியாததாக இருந்தது.

செல்வக்கனி கருவியைக் காதிலிருந்து கழற்றி உள்ளங்கையில் வைத்துக்கொண்டார். பிறகு, "ரெண்டு தடவ குடுக்க வச்சிருக்கானுவ," என்றார்.

அரசி அவர் காலடியில் உட்கார்ந்தாள். "நாளைக்கே எல்லாத்தையும் சொல்லிர்றேன் கனியக்கா. படத்தைச் சரியான பக்கம் ஓட விடுறேன், இந்தக் குரலோட. நான் மறைச்சதையும் எல்லார் முன்னாடியும் சொல்றேன்."

செல்வக்கனிக்குக் கேட்கவில்லை. கருவியை மறுபடி மாட்டிக்கொண்டு திரும்பச் சொல்லச் சொன்னார். அரசி திரும்பச் சொன்னாள். இரண்டாவது தடவை சொல்லும்போது அது அவ்வளவு யோக்கியமாகத் தோன்றவில்லை.

"அப்போ எங்கம்ம அங்க காலைல இருந்து ராத்திரி வரைக்கும் என்னைக் குடுத்துக்கிட்டே இருக்கணுமா?" என்று கேட்டார் செல்வக்கனி. "உங்க மனசு ஆறணும்னா அதுக்கு வேற வழி பாருங்க. அவளை இன்னொருக்கா குடுக்க வைக்காதிய."

அரசி மண்டியிட்டு நிமிர்ந்தாள்.

"ஓடுத மாதிரியே ஓடட்டும். சத்தமும் வேண்டாம். வாசல்ல ஒரு வரி மட்டும் எழுதி வைங்க, திரும்பி ஓடுதுன்னு. தெரிஞ்சே பாக்கட்டும் எல்லாரும். நான் தெரிஞ்சுதான பாத்தேன்."

இம்தியாஸ் ஒரு வெள்ளை அட்டையும் பேனாவும் கொண்டுவந்து கொடுத்தான். அரசி மண்டியிட்டபடியே, அட்டையைத் தரையில் வைத்து எழுதினாள். எழுதியதைச் செல்வக்கனியிடம் நீட்டினாள்.

'இந்தப் படம் தவறுதலாகத் திருப்பி ஓட்டப்படுகிறது.'

செல்வக்கனி கண்ணாடியைப் போட்டுக்கொண்டு, சில்லறை சரிபார்ப்பவர்போல் நிதானமாக வாசித்தார். பிறகு ஆறாவது விரலையும் சேர்த்து விரித்த கையால் அட்டையைத் திருப்பி நீட்டினார்.

"எல்லாம் சரி. 'தவறுதலாக'ங்கிறதை மட்டும் அடிச்சிருங்க."